ஆம் விகுதி

காலை ஆறு மணிக்குச் சமையலறைச் சுவர் வழக்கம்போல் பேசியது.

“வணக்கம், குமுதவல்லி. உங்கள் மாமியார் சௌந்தரம் அவர்களுக்கு இந்த வாரம் மிச்சம் ஒரு தலையீடு. அறிவுரையாகவோ குறையாகவோ பெருமூச்சாகவோ அவர் அதைப் பயன்படுத்திக்கொள்ளலாம்.”

குமுதவல்லி அடுப்பைக் குறைத்தாள். புதன்கிழமைதான் ஆகிறது, அதற்குள் ஐந்தில் நான்கைத் தீர்த்துவிட்டாள் கிழவி. போன வாரம் செவ்வாயன்றே தீர்த்தாள். சனி வரைக்கும் தாக்குப்பிடித்த வாரம் என்று ஒன்று இந்த ஏழு வருடத்தில் இருந்ததாக அவளுக்கு நினைவில்லை.

நிலாவில் முதலில் குடியேறிய கொங்கு நாட்டுக்காரர்கள் ஊருக்குப் பெயர் தேடி மெனக்கெடவில்லை. சோமன் என்றால் நிலா. சோமனூர் என்று பூமியில் அவர்கள் பக்கத்தில் ஏற்கனவே ஓர் ஊர் இருந்தது. எனவே இதற்குப் புதுச்சோமனூர் என்று வைத்துவிட்டு வேலையைப் பார்க்கப் போனார்கள். பூமியிலிருந்து வரும்போது ஆளுக்குப் பதினெட்டு கிலோவுக்கு மேல் சாமான் கொண்டுவரக் கூடாது என்று கட்டுப்பாடு. அம்மிக்கல்லை விட்டுவிட்டு வந்தார்கள், ஆட்டுக்குட்டியை விட்டுவிட்டு வந்தார்கள். மாமியார் மருமகள் சண்டை மட்டும் எடை போடாமலே ஏவூர்தியில் ஏறி வந்து சேர்ந்தது.

பூமியில் என்றால் கோபித்துக்கொண்டு கதவைச் சாத்தினால் கதவுதான் உடையும். இங்கே எட்டாம் குவிமாடத்தில் ஒரு மருமகள், மாமியார் பேச்சைச் சகிக்க முடியாமல் காற்றுப்பூட்டு அறைக்குள் போய் உள்ளேயிருந்து தாழிட்டுக்கொண்டாள். அவளைச் சமாதானப்படுத்தி வெளியே எடுக்க ஒன்பது மணி நேரம் ஆயிற்று. காற்று உள்ளே வரும் வழி அதுதான் என்பதால் அதுவரைக்கும் மாடத்தில் இருந்த நானூறு பேரும் அரை மூச்சில் கிடந்தார்கள். அதற்கு மறுவருடம்தான் எல்லை நலச் சட்டம் வந்தது.

சட்டம் எழுதியவர்கள் சோம்பேறிகள் அல்ல. இருபத்தொன்றாம் நூற்றாண்டில் பூமியில் எழுதப்பட்ட குடும்ப ஆலோசனைக் கட்டுரைகளை ஆயிரக்கணக்கில் தோண்டி எடுத்துப் படித்தார்கள். எல்லாவற்றிலும் ஒரு புத்திமதி தவறாமல் இருந்தது. மாமியாரிடம் நீ நேரடியாக மோதாதே, உன் கணவனைப் பேசச் சொல். அவர்கள் அதையே சட்டமாக்கிவிட்டார்கள். இனி மாமியாரும் மருமகளும் நேரே பேசிக்கொள்ளக் கூடாது. எது சொல்வதானாலும் மகன் வழியாகச் சொல்ல வேண்டும். மகனுக்கு இடைத்தூதர் என்று பதவி. மாமியாருக்கு வாரம் ஐந்து தலையீடு. அதை அளப்பதற்கு வீட்டுக்கு வீடு சுவருக்குள் வரம்பி என்று ஒரு கருவி.

சொல்வது மகனா, மாமியாரா என்று வரம்பிக்கு எப்படித் தெரியும்? அதற்குத் தமிழில் ஒரு வசதி இருக்கிறது. மழை வருமாம், விலை ஏறுமாம், அவளுக்குப் பிடிக்கவில்லையாம். வாக்கியத்தின் வாலில் ஓர் ஆம் ஒட்டிவிட்டால் போதும், சொன்ன பழி நம்மைச் சேராது, வேறு யாரோ சொன்னதாகிவிடும். பொறியாளர்கள் இந்த விகுதியைக் கண்டுபிடித்து வரம்பிக்குக் கற்றுக்கொடுத்துவிட்டுத் தங்கள் முதுகில் தாங்களே தட்டிக்கொண்டார்கள். ஆம் காதில் விழுந்ததும் வரம்பி, “சௌந்தரம் பெயரில் பதியலாமா?” என்று கேட்கும். பத்து நொடிக்குள் யாரும் மறுக்காவிட்டால் அதையும் ஆம் என்றே எடுத்துக்கொள்ளும். அந்தப் பொறியாளர்கள் அத்தனை பேரும் கல்யாணமான ஆண்கள் என்பதை மட்டும் யாரும் எங்கும் குறித்துவைக்கவில்லை.

தணிகைவேல் குளித்துவிட்டு வந்து உட்கார்ந்தான். குழாய்வண்டிகளின் நேரம் குறிக்கும் அலுவலகத்தில் அவனுக்கு வேலை. குரலை உயர்த்திப் பேசியதில்லை, தட்டைத் தள்ளியதில்லை. ஏழாம் மாடத்துப் பெண்கள் எல்லோரும், “உனக்கு வாய்ச்ச மாதிரி எங்களுக்கு வாய்க்கலையே” என்று குமுதவல்லியிடம் சொல்வார்கள். அம்மாவுக்கும் மனைவிக்கும் நடுவில் இத்தனை வருடம் பொறுமையாக நிற்கிறானே என்று அவளுக்கே அவன்மேல் இரக்கம் உண்டு.

“நேத்து அம்மாவுக்கு எடுத்துட்டுப் போன வத்தக்குழம்பு” என்றான் காப்பியை ஆற்றிக்கொண்டே. “புளி ஜாஸ்தியாம். அம்மாவுக்கு வாய் கூசுதாம்.”

“சௌந்தரம் பெயரில் பதியலாமா?” என்றது சுவர்.

“பதி. நல்லாப் பதி” என்றாள் குமுதவல்லி.

“இந்த வாரத்துக்கான தலையீடுகள் முடிந்தன.”

அவன் காப்பியைக் குடித்து முடித்தான். “இன்னைக்கு வாரியத்துக்கு அம்மாவால வர முடியாதாம். கால் வலியாம். நாமளும் இன்னொரு நாளைக்குப் போயிக்கலாமே, குமுதா.”

“வரம்பு மீறல்” என்றது சுவர்.

“அவங்க வராட்டி எனக்கு நல்லதுதானுங்க” என்றாள் அவள். “ஒருதலையாப் பூட்டிக் குடுத்துருவாங்க. நீங்க கெளம்புங்க.”

அன்றைக்குப் பிற்பகல்தான் எல்லை நலவாரியத்தில் முழுப்பூட்டு விசாரணை. முழுப்பூட்டு என்றால் அதற்கப்புறம் அந்த மாமியாருக்கு ஒரு தலையீடும் கிடையாது. வாசலுக்கும் வர முடியாது, மகன் வழியாகவும் ஒரு வார்த்தை சொல்லி அனுப்ப முடியாது, பேரப்பிள்ளையைப் பார்ப்பதும் பதினெட்டு வயது வரைக்கும் இல்லை. கொடுமைதான். குமுதவல்லி இதை எழுதிக் கேட்கும் அளவுக்கு ஏன் போனாள் என்று தெரிய வேண்டுமானால் துருவத்தைப் பற்றிச் சொல்ல வேண்டும்.

அவள் காற்றுத் தோட்டக்காரி. பாசித் தொட்டிகளில் பாசி வளர்ப்பாள். பாசி ஊருக்கு மூச்சுக் கொடுக்கும். நிலாவின் தென்துருவத்தில், பனிக்கட்டி கிடக்கிற பள்ளத்துக்குப் பக்கத்தில், பன்னிரண்டாயிரம் பேருக்கு மூச்சுக் கொடுக்கிற பெரிய தோட்டம் ஒன்று எழும்பியது. பனிநீரை எத்தனை சூட்டில், எந்த வேகத்தில் தொட்டிகளுக்குள் விடுவது என்று திட்டம் போட்டுக் கொடுத்தவள் குமுதவல்லி. தலைமைப் பொறுப்புக்கும் அவளைத்தான் கூப்பிட்டார்கள். அது நான்கு வருடத்துக்கு முன்பு, நித்திலா கைக்குழந்தை. அன்றைக்கு தணிகைவேல் சாப்பாட்டு மேசையில் தலையைக் குனிந்துகொண்டு அம்மா சொன்னதைச் சொன்னான். அவள் மறுத்து எழுதினாள். வேறொருவர் போய் அவள் போட்ட திட்டத்தைச் சுவரில் மாட்டிக்கொண்டு தலைவராக உட்கார்ந்தார். அந்த வயிற்றெரிச்சல் அவளுக்கு நான்கு வருடமாக ஆறவில்லை.

இப்போது அந்த மனிதர் பூமிக்கே திரும்பிவிட்டார். மறுபடியும் அவளைத்தான் கூப்பிடுகிறார்கள். வெள்ளிக்கிழமைக்குள் பதில் எழுத வேண்டும். மூன்றாம் தடவை கூப்பிட மாட்டார்கள். அதற்குள் கிழவியின் வாயை அடைத்தாக வேண்டும்.

ஐந்து வயது நித்திலாவுக்குத்தான் துருவத்தின்மேல் அம்மாவைவிடப் பைத்தியம். தினம் ஒரு கேள்வி. அங்கே தரையைத் தோண்டினால் ஐஸ் வருமா, அதைத் தின்னலாமா, சறுக்கி விளையாடலாமா. காப்பகத்தில் எல்லோரிடமும் ஊர்விட்டுப் போவதாகச் சொல்லி இரண்டு தடவை விடைபெற்றும் வந்துவிட்டாள்.

வாரியத்தின் விசாரணை அறையில் ஒரு மேசையும் நான்கு நாற்காலிகளும் இருந்தன. குமுதவல்லியும் தணிகைவேலும் உள்ளே போனபோது சௌந்தரம் ஏற்கனவே வந்து உட்கார்ந்திருந்தாள். மருமகளைப் பார்த்ததும் எழுந்து நான்கு எட்டு எடுத்துவைத்து வந்தாள். நிலாவில் ஆறில் ஒரு பங்கு எடைதான், எல்லாக் கிழவிகளும் குமரிகளைப் போலத்தான் நடப்பார்கள். இருந்தாலும் கால்வலிக்காரியின் நடையாக அது இல்லை.

கல்யாணத்தன்று பார்த்தது. அப்புறம் நித்திலாவுக்குப் பெயர் வைத்த அன்று, சட்டப்படி கண்ணாடிக்கு அந்தப் பக்கமாகப் பார்த்தது. ஏழு வருடமாகச் சுவருக்குள்ளிருந்து தன்னை ஆட்டிவைத்த மனுஷி இவ்வளவு சின்ன உருவமா என்று குமுதவல்லிக்கு இருந்தது. இந்த ஓர் அறையில் மட்டும் இருவரும் நேரே பேசலாம்.

“நல்லா இருக்கியா, கண்ணு” என்றாள் சௌந்தரம்.

“இருக்கேன் அத்தை. உங்களுக்குக் கால் வலின்னு சொன்னாங்க.”

“எனக்கா?” சௌந்தரம் மகனைப் பார்த்தாள். அவன் சுவர்க் கடிகாரத்தைப் பார்த்தான். “ஆமா, இருந்துச்சு. இப்பப் பரவால்ல.”

அலுவலர் வந்தார். ஐம்பது வயதுப் பெண். கூடவே தேநீர்த் தட்டு. குமுதவல்லி ஒரு வாய் குடித்துவிட்டு அப்படியே கோப்பைக்குள் உமிழ்ந்தாள். சர்க்கரைக்குப் பதில் உப்பு. அலுவலரும் ஒரு வாய் குடித்து முகத்தைச் சுளித்தார். “எந்திரத்துல டப்பாவ மாத்திச் சொருகிட்டாங்க போலிருக்கு. வெச்சிருங்க, வேற கொண்டுவரச் சொல்றேன்.”

சௌந்தரம் கடைசிச் சொட்டு வரைக்கும் குடித்துவிட்டுக் கோப்பையைக் கீழே வைத்தாள். “எனக்கு உப்பும் ஒண்ணுதான், சக்கரையும் ஒண்ணுதானுங்க. உங்க கல்யாணத்துக்கு முந்தின வருசம் தூசிக் காச்சல் வந்துச்சில்ல, கண்ணு. அதுல நாக்கு செத்துப்போச்சு. மூக்கும் போச்சு. சூடா இருக்குதா, ஆறிருச்சா, அது மட்டுந்தான் தெரியும்.”

சொல்லிவிட்டுக் கிழவி மடியிலிருந்து ஒரு பொட்டலத்தை எடுத்து நீட்டினாள். பழைய நூலைப் பிரித்துப் பின்னிய ஒரு குல்லாய். மஞ்சளும் சிவப்புமாக, காது மூடுகிற மாதிரி.

“நித்திலா போன சனிக்கிழமை வந்தப்பச் சொல்லுச்சு. நீ துருவத்துல பெரிய தோட்டத்துக்குத் தலைவியாப் போறியாம்ல. கேட்டதுல இருந்து எனக்கு இருப்புக்கொள்ளல. அங்க குளிருமாமே. பிள்ளை காதைப் பத்திரமாப் பாத்துக்க.”

“பூட்டு விழறதுக்கு முன்னாடி குடுத்ததால பரிசு ஏத்துக்கலாம்” என்று அலுவலர் தாளில் எழுதினார். பிறகு மனுவைப் பிரித்து ஏற்ற இறக்கமில்லாமல் படிக்கத் தொடங்கினார். ஏழு வருடத்துக்கான பட்டியல். வரம்பி தேதியும் நேரமும் போட்டு, சொன்னது சொன்னபடி கொடுத்திருந்தது.

“‘நீ சத்தமாச் சிரிக்கறது அம்மாவுக்குப் புடிக்கலையாம்.’ ‘குழந்தைய இவ்வளவு சீக்கிரம் காப்பகத்துல விடறது நல்லதில்லையாம், ஒரு வருசம் நீ வீட்ல இருக்கணுமாம்.’ ‘உங்கம்மா பூமியில இருந்து பேசறப்ப இவ்வளவு நேரம் பேச வேண்டாமாம்.’ ‘கைக்குழந்தைய வெச்சுக்கிட்டு துருவத்துக்குப் போகக் கூடாதாம். மீறிப் போனா அம்மா உசுரோட இருக்க மாட்டாங்களாம்.’”

“நான் எப்பக் கண்ணு சொன்னேன்?” என்றாள் சௌந்தரம்.

அவள் மறுத்த மாதிரிகூட இல்லை. கடைக்காரர் தெரியாத பொருள் ஒன்றைப் பையில் போட்டுவிட்டால் கேட்பது போலத்தான் கேட்டாள். அலுவலர் தாளிலிருந்து தலையை நிமிர்த்தினார்.

“உங்க பையன் ஆம் போட்டுச் சொல்லியிருக்காருங்க. வரம்பிக்கு ஆம்னா ஆம்தான். நான் இந்த நாற்காலியில பதினொரு வருசமா உக்காந்திருக்கேன். ஆம் இல்லாத ஒரு புகாரையும் இன்னைக்கு வரைக்கும் படிச்சதில்ல.” அவர் மேலும் படித்தார். “கடைசியா இன்னைக்குக் காலைல. ‘வத்தக்குழம்புல புளி ஜாஸ்தியாம். அம்மாவுக்கு வாய் கூசுதாம்.’”

குமுதவல்லி மேசைமேல் இருந்த காலிக் கோப்பையைப் பார்த்தாள்.

ஏழு வருடம். சிரிப்பு, காப்பகம், அம்மாவோடு பேசுகிற நேரம், துருவம். ஒவ்வொன்றையும் அவள் ஒரு கிழவியின் முகத்தில் ஒட்டி வைத்துக்கொண்டு வெறுத்திருந்தாள். வெறுத்து வெறுத்து, பாசிக்கு ஊற்றுகிற மாதிரி அதற்கு தினமும் தண்ணீர் ஊற்றியிருந்தாள். அந்த முகம் இப்போது எதிரே உட்கார்ந்து விழித்துக்கொண்டிருந்தது. பக்கத்தில் தணிகைவேல் தன் சட்டைக்கையில் இருந்த ஒரு மடிப்பை நகத்தால் நீவி நீவி நேராக்கிக்கொண்டிருந்தான். அவன் முகத்தில் பயமோ வெட்கமோ இல்லை. இரண்டு பெண்கள் பேசும் இடத்தில் நமக்கென்ன வேலை என்கிற பொறுமைதான் இருந்தது.

“பழசையெல்லாம் இப்பக் கெளறணுமா?” என்றான் மெதுவாக.

“உங்க தரப்புல ஏதாச்சும் சொல்லணுமா?” என்று அலுவலர் சௌந்தரத்திடம் கேட்டார்.

“ஒண்ணுமில்லீங்க. நான் பக்கத்துல வந்தா இவளுக்கு மூச்சு முட்டுதாம். அதான் நான் எதுக்கும் வர்றதில்ல. வரணும்னு மனுப் போட்டாச் சட்டத்துல வழி இருந்துச்சாம், இருந்தாலும் அவளுக்கு இஷ்டமில்லாமப் போயி…”

மூச்சு முட்டுகிறது என்று குமுதவல்லி சொன்னதுண்டு. இரண்டு வருடத்துக்கு முன்பு தோட்டத்தில் வடிகட்டி அடைத்துக்கொண்ட அன்றைக்கு வீட்டுக்கு வந்து சொன்னாள். அந்த வார்த்தை எங்கெங்கே போய் என்னவெல்லாம் செய்திருக்கிறது.

அலுவலர் எழுதுகோலைக் கீழே வைத்தார். “மூலச் சோதனைன்னு ஒண்ணு இருக்குங்க. உங்க வீட்டுச் சுவரையும் இந்தம்மா வீட்டுச் சுவரையும் சேத்து வெச்சு, எந்தப் பேச்சு யார் வாயில மொதல்ல வந்துச்சுன்னு பாத்துச் சொல்லிரும். நாலு நிமிசம். நீங்களும் இந்தம்மாவும் சம்மதிக்கணும்.”

தணிகைவேல் மடிப்பை நீவுவதை நிறுத்தினான்.

சௌந்தரம் மகனைப் பார்த்தாள். வெகுநேரம் பார்த்தாள். ஒரே மகன். வாரம் தவறாமல் கதவைத் தட்டுவதற்கு அவனை விட்டால் அவளுக்கு வேறு ஆள் இல்லை. பூட்டு விழுந்தாலும் மகன் தாயைப் பார்க்கலாம், அதைச் சட்டம் தடுக்கவில்லை. அவள் முகத்தில் ஒன்று மூடிக்கொண்டதைக் குமுதவல்லி கண்ணால் பார்த்தாள்.

“சோதனையெல்லாம் எதுக்குங்க. வயசாச்சு, மறந்துபோச்சு. நாந்தான் சொன்னேன்.”

“எல்லாமா அத்தை?” என்றாள் குமுதவல்லி.

“எல்லாந்தான்.”

“புளியுமா?”

உப்புத் தேநீர் குடித்த கோப்பையை சௌந்தரம் கொஞ்சம் தள்ளி வைத்தாள். “புளியும் நாந்தான், கண்ணு.”

அலுவலர் குமுதவல்லியின் பக்கம் திரும்பினார். “நீங்க சொல்லுங்க. வேணும்னு நீங்க அழுத்திக் கேட்டா இந்தம்மாகிட்ட நான் மறுபடி பேசிப் பாக்கறேன். ஆனா ஒண்ணு. சோதனையில வேற யாராச்சும்தான் மூலம்னு வந்துட்டா இந்த மனு தள்ளுபடி. மாமியாருக்குத்தான் பூட்டுப் போடச் சட்டம் இருக்கு. புருசனுக்குப் போடறதுக்குப் படிவமே கெடையாது.”

நான்கு நிமிடம். குமுதவல்லிக்கு அப்போது நீதி நியாயம் எதுவும் தோன்றவில்லை என்று சொன்னால் அவளைத் தாழ்த்துவதாக ஆகும். தோன்றியது. கிழவியின் கையைப் பிடித்துக்கொண்டு, நாம் இரண்டு பேரும் ஏமாந்துவிட்டோம் அத்தை என்று சொல்லலாம் என்றும் தோன்றியது. ஆனால் கூடவே வெள்ளிக்கிழமையும் தோன்றியது. உண்மை வெளியே வந்தால் பூட்டு இல்லை. பூட்டு விழுந்துவிட்டாலோ அவன் அம்மா சொன்னதாக இனி ஒன்றும் சொல்ல முடியாது. அவனுக்கு அவனுடையதென்று ஒரு வாக்கியம் சொல்லி வழக்கமே இல்லை. ஒட்டவைக்க அம்மா இல்லாமல் வெறும் ஆம் விகுதியை வைத்துக்கொண்டு அவன் என்ன செய்வான்? துருவத்துக்குப் போகாதே என்று என் முகத்தைப் பார்த்து அவன் வாயால் சொல்லட்டும், அப்போது பார்த்துக்கொள்கிறேன் என்று நினைத்தாள். பொய்தான் தனக்கு வசதி என்று அவளுக்குத் தெளிவாகத் தெரிந்தது.

“வேண்டாங்க” என்றாள்.

சோதனை வேண்டாம் என்று மாமியாரும் மருமகளும் மேசையில் இருந்த ரேகைத் தகட்டில் கட்டைவிரலை அழுத்தினார்கள். சௌந்தரத்தின் விரல் ரேகை தேய்ந்திருந்ததால் மூன்று தடவை அழுத்த வேண்டியிருந்தது. வெளியே போகும்போது அவள் நின்று, “மூச்சு முட்டாம இரு, கண்ணு” என்றாள். பூட்டு விழுந்து ஒரு நிமிடம் ஆகியிருந்தது. அலுவலர் அதைக் காதில் வாங்காத மாதிரி தாள்களை அடுக்கினார்.

திரும்பி வருகிற குழாய்வண்டியில் தணிகைவேல் அவள் கையைப் பிடித்துக்கொண்டான். “இனிமே உனக்கு நிம்மதி” என்றான். அவள் கையை உருவிக்கொள்ளவில்லை. மடியில் அந்தக் குல்லாய் இருந்தது.

வியாழக்கிழமை வீடு அமைதியாக இருந்தது. அவன் அலுவலகத்துக்குப் போனான், வந்தான், சாப்பிட்டான். ஒன்றிரண்டு தடவை எதையோ சொல்ல வந்து, சொல்லத் தெரியாமல் நிறுத்தினான். குமுதவல்லி உள்ளுக்குள் சிரித்துக்கொண்டாள்.

வெள்ளிக்கிழமை காலை ஆறு மணிக்குச் சுவர் பேசியது.

“வணக்கம், குமுதவல்லி. சௌந்தரம் அவர்களுக்கு இந்த வாரமும் இனிவரும் எந்த வாரமும் மிச்சம் எதுவும் இல்லை. உங்கள் எல்லை ஆரோக்கியமாக உள்ளது.”

அவள் வத்தக்குழம்பு வைத்தாள். தன் கைக்குப் பிடித்த அளவு புளி ஊற்றினாள். துருவத் தோட்டத்தின் சம்மதப் படிவத்தை மேசையில் விரித்து, விரல் பதிக்க வேண்டிய இடத்தை ஒரு தடவை துடைத்தும் வைத்தாள். தணிகைவேல் குளித்துவிட்டு வந்து அந்தப் படிவத்துக்கு எதிரே உட்கார்ந்தான். காப்பியை ஆற்றினான்.

“நித்திலா” என்றான். முகத்தில் அந்தப் பழைய பொறுமை திரும்பி வந்திருந்தது. “நித்திலாவுக்குத் துருவம்னா பயமா இருக்காம். போக வேண்டாமாம்.”

ஒரு கணம் சுவருக்கே திகைப்பாக இருந்தது போலிருந்தது. பிறகு சொன்னது: “புதிய பெயர். நித்திலா, வயது ஐந்து. நித்திலா பெயரில் பதியலாமா?”

குமுதவல்லி வாயைத் திறந்தாள். இல்லை என்று சொன்னால் அப்படியானால் சொன்னது யார் என்று அது கேட்கும். யார் என்று சொன்னால், அந்த நபருக்குப் படிவம் இல்லை என்று சொல்லும். மூலச் சோதனை வேண்டும் என்று கேட்டால், புதன்கிழமை நான்கு நிமிடத்தில் கிடைத்திருக்க வேண்டியதை வேண்டாம் என்று கட்டைவிரலை அழுத்திவிட்டு வந்தவள் அவள்தான் என்று அதற்குத் தெரியும். அவன் தலையைக் குனிந்து காப்பி குடித்துக்கொண்டிருந்தான். அவனைப் பார்த்துக் கத்த வேண்டும், அந்தக் காப்பியை அவன் தலையில் கொட்ட வேண்டும் என்று அவளுக்கு ஆத்திரம் வந்தது. கத்தினால் ஏழாம் மாடம் முழுக்கக் கேட்கும். இத்தனை நல்ல மனுஷனையா என்பார்கள். அவன் இரண்டு வாய் குடித்து முடிப்பதற்குள் பத்து நொடி போய்விட்டது.

“பதில் இல்லை. ஆம் என்று எடுத்துக்கொள்ளப்பட்டது. நித்திலாவுக்கு இந்த வாரம் மிச்சம் நான்கு தலையீடுகள்.”

தன் பெயர் கேட்டு நித்திலா எழுந்து வந்தாள். செருப்பு கால் மாறியிருந்தது. தலையில் மஞ்சளும் சிவப்புமான குல்லாயை மாட்டி, காது மூடிகளை இரண்டு கையாலும் இழுத்துப் பிடித்திருந்தாள். துருவத்துக்குப் போக ஆயத்தமாகத்தான் அவள் அதைப் போட்டுக்கொண்டே தூங்கினாள்.

“எனக்குப் பயமில்லையே” என்றாள் சுவரைப் பார்த்து. பிறகு அப்பாவைப் பார்த்தாள். அவன் கடிகாரத்தைப் பார்த்தான். அம்மாவிடம் வந்து நின்றாள். “நான் எப்பம்மா சொன்னேன்?”

அதே கேள்வி, ஏறக்குறைய அதே குரல். குமுதவல்லி மகளின் முன்னால் உட்கார்ந்தாள். ஒரு பக்கம் குழந்தையின் முகம், அதற்குப் பின்னால் அந்தக் குழந்தை தினமும் மாலையில் ஓடிப்போய்க் கட்டிக்கொள்கிற அப்பாவின் முதுகு. படிவம் மேசையிலேயே கிடந்தது. அவள் மகளின் குல்லாயை நெற்றிக்கு மேலே கொஞ்சம் ஏற்றிவிட்டு, மாறிப்போன செருப்பைக் கழற்றினாள்.

“தூக்கத்துல சொன்னியாம், கண்ணு” என்றாள்.